நினைவுச் சீட்டாட்டம்

இன்று நான் பேச எடுத்துக்கொண்ட பொருளைக் கேட்டுப் பெற்றோர் சிலர் வியப்படையக்கூடும். வீடியோ விளையாட்டின் நடுவே வருகின்ற ஒரு சிறு சீட்டாட்டத்தில் வெல்வது எப்படி என்பதைப் பற்றி, ஓய்வுபெற்ற தலைமையாசிரியன் ஒருவன் வானொலியில் பேசுவதற்கு என்ன இருக்கிறது என்று அவர்கள் எண்ணலாம். காரணம் உண்டு. என் ஆசிரியப் பணிக் காலம் முழுவதிலும் நான் மிகுதியாகக் கேட்ட குறை ஒன்றே: “ஐயா, எனக்கு ஞாபகசக்தி இல்லை.” இந்த ஒரு சொல்லை நம்பிப் படிப்பைப் பாதியில் விட்ட பிள்ளைகளை நான் அறிவேன். உயரமும் நிறமும் போல நினைவாற்றலும் பிறவியிலேயே அளந்து கொடுக்கப்பட்டது என்பது அவர்கள் எண்ணம். அவ்வெண்ணம் எவ்வளவு தூரம் சரியானது என்பதைச் சோதித்துப் பார்க்க இந்தச் சிறிய சீட்டாட்டம் நல்லதொரு களமாகும்.

ஆட்டம் உங்களில் பலருக்குத் தெரிந்ததுதான். சீட்டுகளைக் கவிழ்த்து வரிசையாக வைக்க வேண்டும். ஒரு முறைக்கு இரண்டு சீட்டுகளைத் திறக்கலாம். இரண்டிலும் ஒரே படம் இருந்தால் அந்த இணை நமக்குச் சேரும். இல்லையேல் இரண்டையும் மீண்டும் கவிழ்த்துவிட வேண்டும். ஜப்பானியர் இவ்வாட்டத்திற்கு வழங்கும் பெயர் ‘ஷிங்கெய் சுய்ஜாக்கு’ என்பது. ‘நரம்புத் தளர்ச்சி’ என்று அதற்குப் பொருள். ஆடிக் களைத்தவர்களுக்கு அப்பெயரின் பொருத்தம் எளிதில் விளங்கும்.

இணை சேர்க்கும் விளையாட்டு ஜப்பானில் மிகப் பழமையானது. ஹெயான் காலத்து அரண்மனை மகளிர் ‘காய்-அவாசே’ என்ற சிப்பி விளையாட்டை ஆடினர். ஒரு சிப்பியின் இரண்டு ஓடுகளும் தம்முள் பொருந்துமேயன்றி, வேறொரு சிப்பியின் ஓட்டோடு பொருந்தா. அந்த இயற்கையை வைத்தே ஆட்டம் அமைந்தது. ஒரு பாதி ஓடுகளைக் கவிழ்த்துப் பரப்பிவிட்டு, மற்றப் பாதியை ஒவ்வொன்றாக எடுத்து, மேற்புறத்துக் கோடுகளை நோக்கி அதன் துணையைத் தேட வேண்டும். பிற்காலத்தில் 360 சிப்பிகள் கொண்ட தொகுதிகளில் உட்புறத்தில் ஓவியம் தீட்டி, அவற்றை அழகிய பெட்டிகளில் வைத்து, உயர்குடி மணப்பெண்களுக்குச் சீதனமாக அளித்தனர். வேறு துணையோடு சேராத சிப்பி இல்லறத்திற்கு நல்ல அடையாளம் அன்றோ!

சீட்டுகள் ஜப்பானுக்குப் போர்ச்சுகீசியர் வழியாகப் பதினாறாம் நூற்றாண்டில் வந்தன. பின்னர் ‘ஹனஃபுதா’ என்னும் மலர்ச்சீட்டுகள் தோன்றின. மாதத்திற்கு நான்காகப் பன்னிரண்டு மாதங்களுக்கும் 48 சீட்டுகள். ஒரே மாதத்துச் சீட்டுகளை இணை சேர்ப்பதே அவற்றை வைத்து ஆடும் பல ஆட்டங்களுக்கு அடிப்படை. இந்த மலர்ச்சீட்டுகளைச் செய்வதற்காக 1889-ஆம் ஆண்டில் கியோட்டோ நகரில் ஃபுசாஜிரோ யமவுச்சி என்பவர் ஒரு சிறு கடை தொடங்கினார். அக்கடையே நிண்டெண்டோ. அது பிற்காலத்தில் வீடியோ விளையாட்டுகளுக்காக உலகெங்கும் அறியப்பட்டது. அதன் ‘சூப்பர் மாரியோ பிரதர்ஸ் 3’ ஜப்பானில் 1988-ஆம் ஆண்டில் வெளிவந்து, 1990-இல் அமெரிக்காவை அடைந்தது. ஓடியும் தாவியும் செல்லும் அவ்விளையாட்டின் இடையே ஒரு நினைவுச் சீட்டாட்டமும் வைக்கப்பட்டது. சீட்டு விற்ற கடையின் பழைய தொழில் புதிய தொழிலுக்குள் இவ்வாறு எட்டிப் பார்த்தது எனலாம்.

அச்சீட்டாட்டத்தின் விதிகளை இப்போது பார்ப்போம். ஆட்டக்காரர் 80,000 புள்ளிகளைச் சேர்க்குந்தோறும் வரைபடத்தின்மேல் ஒரு சீட்டுக் கட்டம் தோன்றும். அதனுள் நுழைந்தால், வரிசைக்கு ஆறாக மூன்று வரிசைகளில் 18 சீட்டுகள் கவிழ்ந்து கிடக்கும். காளான், தீப்பூ, விண்மீன், கூடுதல் உயிர் தரும் காளான், பத்து நாணயம், இருபது நாணயம் என்று படங்கள் ஆறு வகை. இணை சேர்த்த படத்திற்குரிய பரிசு ஆட்டக்காரருக்குக் கிடைக்கும். இரண்டு முறை தவறினால் வெளியேற வேண்டியதுதான். ஆனால் சேர்த்த இணைகள் திறந்தபடியே இருக்கும். அடுத்த முறை வரும்போது விட்ட இடத்திலிருந்து தொடரலாம்.

இவ்விதிகளைக் கேட்டவுடன் கணக்கறிந்த மாணவர் ஒன்றைக் கண்டுகொள்வார். வகை ஆறு, சீட்டு பதினெட்டு. வகைக்கு ஓர் இணையென்றால் பன்னிரண்டு சீட்டுகளே தேவைப்படும். எஞ்சிய ஆறும் அதே படங்களைத்தான் தாங்கியிருக்க வேண்டும். ஆகவே சில படங்கள் இரண்டிற்கு மேற்பட்ட இடங்களில் இருந்தே தீரும். ஒரு சீட்டையும் திறக்குமுன்னரே நாம் பெற்றுவிட்ட அறிவு இது. ஆட்டம் தொடங்குமுன் விதிகளை இவ்வாறு ஆராய்வது வெற்றிக்கு முதற்படி.

இனி, திறக்கும் முறைக்கு வருவோம். எளிமைக்காக ஒன்பது வெவ்வேறு படங்கள், ஒவ்வொன்றுக்கும் ஓர் இணை என்று கொள்வோம். இரண்டு முறை தவறி, நான்கு வெவ்வேறு படங்களின் இடங்கள் நமக்குத் தெரிந்துவிட்டன. தெரியாதவை பதினான்கு. இப்போது எதை முதலில் திறப்பது? பலர் தமக்குத் தெரிந்த ஒன்றை முதலில் திறந்துவிட்டு, அதன் துணையைத் தேடி அலைவர். அவர்களுக்கு வெற்றி கிட்டும் வாய்ப்பு பதினான்கில் ஒன்று. தெரியாத சீட்டை முதலில் திறப்பவரைப் பாருங்கள். அது தெரிந்த நான்கில் ஒன்றன் துணையாக அமையும் வாய்ப்பு பதினான்கில் நான்கு. அமைந்தால் அந்த இணை உறுதி. அமையாவிட்டாலும் இரண்டாம் சீட்டைத் திறந்து பார்க்கும் வாய்ப்பு இன்னும் கையில் இருக்கிறது. இரண்டையும் கூட்டினால் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு வருகிறது. பதினான்கில் ஒன்று எங்கே, மூன்றில் ஒன்று எங்கே! இரண்டு ஆட்டக்காரர்களுக்கும் நினைவில் இருப்பவை அதே நான்கு சீட்டுகள்தாம். கை நீளும் வரிசை ஒன்றே அவர்களை வேறுபடுத்துகிறது.

இதனை முதல் விதியாகக் கொள்ளுங்கள்: தெரியாததை முதலில் திற, தெரிந்ததை இரண்டாவதற்கு வைத்துக்கொள்.

இரண்டாம் விதி: இரண்டு இடமும் தெரிந்த இணை இருந்தால், புதியதைத் தேடப் போகுமுன் அதனைச் சேர்த்துவிட வேண்டும். இரண்டு தவறுகளுக்கு மேல் இடமில்லாத ஆட்டத்தில், கையிலுள்ள உறுதியை விட்டுவிட்டு ஐயத்தின் பின் செல்வது அறிவுடைமையாகாது. தேர்வுக் கூடத்திலும் விடை தெரிந்த வினாக்களை முதலில் எழுதுமாறு ஆசிரியர்கள் வற்புறுத்துவது இதனாலேயே.

திறந்த சீட்டு ஒன்றையும் மறவாத ஒருவர் தனியாக ஆடினால் எத்தனை முறையில் முடிப்பார் என்பதையும் கணித அறிஞர்கள் ஆராய்ந்திருக்கின்றனர். வெல்மன், வாரிங்டன் என்னும் இருவர் 2013-இல் வெளியிட்ட கணக்கின்படி, இணைகள் பெருகப் பெருக, சராசரி முறைகள் இணைகளின் எண்ணிக்கையைப்போல் ஏறத்தாழ 1.61 மடங்காக இருக்கும். அவர்களுடைய வாய்பாட்டை ஒன்பது இணைகளுக்குப் பொருத்தினால் சராசரி 14 முறை வருகிறது. இணைகள் ஒன்பதாயிருக்க, முழு நினைவுடையவருக்கும் சராசரியாக ஐந்து தவறுகள் நேர்கின்றன என்பது இதன் பொருள். ஆகவே தவறிய ஒவ்வொரு முறையும் “என் நினைவு மங்கிவிட்டது” என்று வருந்துவது வீண். தெரியாததைத் தெரிந்துகொள்ளக் கொடுக்கும் விலை அத்தவறு. தந்த விலைக்கு உரிய பொருளை நினைவில் பெற்றுக்கொண்டோமா என்பதே கேள்வி.

அந்தப் பொருளை எவ்வாறு பெறுவது? உளநூலறிஞர் ஜார்ஜ் மில்லர் 1956-இல் எழுதிய புகழ்பெற்ற கட்டுரையில், மனிதர் ஒரே சமயத்தில் மனத்தில் நிறுத்தக்கூடியவை ஏறத்தாழ ஏழு என்றார். நெல்சன் கோவன் 2001-இல் அதனை நான்கு அளவிற்குக் குறைத்தார். அப்படியானால் பதினெட்டு இடங்களை எப்படித் தாங்குவது? மில்லரே வழியும் காட்டியிருக்கிறார். தனித்தனிச் செய்திகளைக் கட்டுகளாகக் கட்டிவிட்டால், மனம் ஒரு கட்டினை ஒரு பொருளாக ஏற்றுக்கொள்ளும். விறகைச் சுள்ளி சுள்ளியாகச் சுமப்பவர் எவருமில்லை. கட்டாகக் கட்டித்தான் சுமக்கிறோம். ஆறு சீட்டு வரிசையை நடுவில் பிரித்தால் மும்மூன்றாக ஆறு கட்டுகள் கிடைக்கும். “மேல் இடம்: பூ, காளான், நாணயம்” என்று ஒரு கட்டினை வாய்விட்டுச் சொல்லிப் பழகினால், கண் கண்டதைச் செவியும் காத்துக்கொள்ளும்.

இங்கே என் வகுப்பில் நிகழ்ந்த ஒன்றைச் சொல்ல வேண்டும். பழைய அஞ்சலட்டைகளை வெட்டி, ஒன்றில் ஆற்றின் பெயரும் மற்றொன்றில் அதன் குறுக்கேயுள்ள அணையின் பெயரும் எழுதி, நிலநூல் பாடத்திற்கு இவ்வாட்டத்தை வைப்பது என் வழக்கம். ஒரு முறை, பாடம் ஒப்பிப்பதில் எப்போதும் பின்தங்கிய ஒரு மாணவன் வகுப்பிலேயே மிகக் குறைந்த முறைகளில் ஆட்டத்தை முடித்தான். இரண்டாம் முறையும் அவ்வாறே முடித்தான். எல்லாரும் திகைத்தனர். எப்படி ஆடினாய் என்று கேட்டேன். “ஐயா, அவர்களெல்லாம் அங்கொன்றும் இங்கொன்றுமாகத் திறந்தார்கள். நான் ஓரத்திலிருந்து வரிசையாகத் திறந்தேன். நாற்று நடுவதும் அப்படித்தானே?” என்றான். வயல் வேலைக்குச் செல்லும் வீட்டுப் பிள்ளை அவன். வரிசை பிடித்து நடுபவருக்கு எங்கே நட்டோம், எங்கே நடவில்லை என்பதைத் தனியே நினைவில் வைக்க வேண்டியதில்லை. வரிசையே அதனைச் சொல்லிவிடும். உளநூலார் பலர் ஆராய்ந்து கூறியதை அச்சிறுவன் சேற்றில் நின்று கற்றிருந்தான். அவனுக்கு ஞாபகசக்தி இல்லை என்று அதுவரை யாவரும் சொல்லி வந்தனர். பாடத்திலும் அவ்வாறே ஓரத்திலிருந்து வரிசை பிடிக்க அவனுக்குக் காட்டினோம். அதன் பின்னர் அவன் ஒப்பிப்பதற்கு அஞ்சவில்லை.

ஆகவே மூன்றாம் விதி: ஒழுங்காகத் திற, கட்டாகக் கட்டு, பெயரிட்டுச் சொல்.

மாரியோ விளையாட்டின் சீட்டுக் கட்டத்தில் இன்னொரு தொல்லையும் உண்டு. இரண்டு முறை தவறி வெளியேறிய பின், மீண்டும் 80,000 புள்ளிகள் சேர்க்கும் வரையில் சீட்டுகளைக் காண முடியாது. அதற்கிடையே ஓட்டமும் தாவலுமாக எத்தனையோ காட்சிகள் கண்முன் வந்து போகும். 1885-இல் ஜெர்மானிய அறிஞர் எபிங்ஹவுஸ், பொருளற்ற அசைகளைத் தாமே மனப்பாடம் செய்து, தம் மறதியைத் தாமே அளந்து ஒரு நூலை வெளியிட்டார். கற்ற உடனே மறதி மிக விரைவாகவும், நாட்கள் செல்லச் செல்ல மெதுவாகவும் நிகழ்கிறது என்பதை அவர் கண்டார். ஆகவே வெளியேறிய அக்கணமே, கண்ட நான்கு சீட்டுகளையும் ஒரு முறை சொல்லிப் பார்க்க வேண்டும். சிறிது நேரம் கழித்து மறுபடியும் சொல்ல வேண்டும். இன்னும் நன்று, மூன்று வரிசைக் கட்டம் ஒன்றைத் தாளில் வரைந்து குறித்துவைப்பது. எழுதிவைப்பதை நினைவின் தோல்வியாகக் கருத வேண்டாம். வணிகர் பேரேடு எழுதுவது கணக்கு மறந்துபோனதனால் அன்று, மறக்கக்கூடாது என்பதனால்.

இனி, இவ்வாட்டத்தின் மறைபொருளுக்கு வருகிறேன். பதினெட்டுச் சீட்டுகளை மெய்யாகவே குலுக்கினால் கோடிக்கணக்கான அடுக்குமுறைகள் உண்டாகும். ஆனால் இந்த விளையாட்டில் உள்ளவை எட்டே எட்டு அடுக்குமுறைகள். அந்த எட்டில் ஒன்றே ஒவ்வொரு முறையும் வருகிறது. பல முறை ஆடியவர்கள் இதனைக் கண்டுபிடித்து, எட்டையும் பட்டியலாக வரைந்துவைத்துள்ளனர். இதனை அறிந்தவருடைய ஆட்டமே வேறு. பதினெட்டு இடங்களை நினைவிற் கொள்ள வேண்டிய ஆட்டம், எட்டில் எது என்று துப்பறியும் ஆட்டமாக மாறிவிடுகிறது.

துப்பறிவதற்கும் முறை உண்டு. எட்டிலும் ஒரே படம் இருக்கின்ற இடம் ஏதேனும் உண்டானால், அதனைத் திறந்து பார்ப்பதால் எது என்ற கேள்விக்கு விடை கிடைக்காது. எட்டினையும் நான்கு நான்காகப் பிரிக்கின்ற இடத்தைத் திறந்தால் ஐயம் பாதியாகும். அந்த நான்கினை இரண்டிரண்டாகப் பிரிக்கும் இடத்தை அடுத்துத் திறந்தால் மீண்டும் பாதியாகும். மூன்றாவதில் விடை வந்துவிடும். எட்டு, நான்கு, இரண்டு, ஒன்று. ஒரே இடத்தில் மூன்று நான்கு வகைப் படங்கள் வரக்கூடுமாயின், இன்னும் விரைவாகவே முடியும். மருத்துவர் நோயாளியிடம் கேட்கும் கேள்விகளும், வேதியியல் ஆய்வுக்கூடத்தில் உப்பினைப் பகுத்தறியும் சோதனைகளும் இந்நெறியிலேயே செல்கின்றன. எந்த விடை வந்தாலும் ஐயம் குறைய வேண்டும். அத்தகைய கேள்வியே நல்ல கேள்வி.

இவ்விடத்தில் மாணவர் ஒருவர் கேட்கலாம்: “எட்டுப் பட்டியலையும் அப்படியே மனப்பாடம் செய்துவிட்டால் போதாதா?” அந்த விளையாட்டில் வெல்வதற்குப் போதும். ஆசிரியப் பயிற்சியில் நாங்கள் கற்ற இரண்டு ஆராய்ச்சிகளை இங்கு நினைவூட்ட விரும்புகிறேன். 1901-இல் அமெரிக்க அறிஞர்களான தார்ண்டைக்கும் வுட்வொர்த்தும், ஒரு செயலில் பெற்ற பயிற்சி மற்றொரு செயலுக்கு எவ்வளவு உதவுகிறது என்று சோதித்தனர். பெரிதும் எதிர்பார்த்த பயன் கிட்டவில்லை. ஆகவே சீட்டாடினால் நினைவாற்றல் முழுவதும் வளர்ந்து, வரலாறும் வேதியியலும் தாமாக மனத்தில் பதியும் என்று எவரேனும் சொன்னால் நம்பிவிடாதீர்கள்.

மற்றோர் ஆராய்ச்சி சார்லஸ் ஜட் என்பவர் 1908-இல் வெளியிட்டது. நீருக்கடியில் பன்னிரண்டு அங்குல ஆழத்தில் ஓர் இலக்கை வைத்து, சிறுவர்களை அம்பு எறியச் செய்தனர். ஒளி நீருக்குள் முறிவதால் இலக்கு இருக்குமிடம் வேறு, தோன்றுமிடம் வேறு. ஒரு குழுவினருக்கு ஒளி முறிவின் கொள்கையைக் கற்பித்திருந்தனர். மற்றொரு குழுவினருக்குக் கற்பிக்கவில்லை. முதலில் இரு குழுவினரும் ஏறத்தாழ ஒரே அளவில் எறிந்து பழகினர். ஆழத்தை நான்கு அங்குலமாகக் குறைத்தபோதுதான் வேறுபாடு வெளிப்பட்டது. கொள்கை அறிந்தவர்கள் விரைவில் தம்மைத் திருத்திக்கொண்டனர். அறியாதவர்கள் பழைய பழக்கத்தால் தடுமாறினர்.

எட்டுப் பட்டியலை மட்டும் மனப்பாடம் செய்தவர், பன்னிரண்டு அங்குல ஆழத்திற்கு மட்டும் பழகியவரைப் போன்றவர். சீட்டுகளை உண்மையாகவே குலுக்கும் வேறோர் ஆட்டத்தில் அவருடைய பட்டியல் ஒரு காசுக்கும் பெறாது. தெரியாததை முதலில் திற, உறுதியானதை விடாதே, ஒழுங்காகக் கட்டு, ஐயத்தைப் பாதியாக்கு என்னும் நெறிகளை அறிந்தவரோ எந்த ஆட்டத்திலும் நிற்பார். தேர்வுக்கு வரக்கூடிய பத்து வினாக்களின் விடைகளை மட்டும் நெட்டுருப் போடும் மாணவர்களுக்கு இதற்கு மேல் விளக்கம் வேண்டியதில்லை.

இருவர் எதிரெதிரே அமர்ந்து ஆடும்போது ஒரு புதுமை நேர்கிறது என்பதையும் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். அப்போது நாம் திறக்கும் ஒவ்வொரு புதிய சீட்டையும் எதிரியும் பார்க்கிறார். முதற்சீட்டின் துணை தெரியாதபோது, இரண்டாவதாக ஒரு புதிய சீட்டைத் திறந்தால் எதிரிக்கு வழி திறந்துவிட்டவர்களாவோம். ஆகையால் முன்னரே இருவருக்கும் தெரிந்த ஒரு சீட்டையே மீண்டும் திறந்து, முறையை வேண்டுமென்றே வீணாக்குவது சில நிலைகளில் சிறந்தது என்று ஸ்விக், பாட்டர்சன் என்னும் கணித அறிஞர்கள் 1993-இல் மெய்ப்பித்தனர். தனியாக ஆடுபவருக்கு அதே செயல் பேதைமை. எனவே எந்த நெறியும் அதன் காரணத்தோடு சேர்த்தே கற்கத்தக்கது. காரணத்தை விட்டுவிட்டால், நெறியும் பட்டியலாகிவிடும்.

மாணவச் செல்வங்களே! நீங்கள் செய்யத்தக்க ஒன்றைக் கூறி முடிக்கிறேன். இதற்கு எந்த இயந்திரமும் வேண்டியதில்லை. பயன்படாத அட்டைகளை வெட்டிப் பதினெட்டுச் சீட்டுகள் செய்யுங்கள். தனிமங்களின் பெயரும் குறியீடும், நிகழ்ச்சியும் ஆண்டும், சொல்லும் பொருளும் என்று உங்கள் பாடத்திலிருந்தே ஒன்பது இணைகளை எழுதுங்கள். முதல் நாள் மனம் போனபடி ஆடி, எத்தனை முறையில் முடித்தீர்கள் என்று குறித்துக்கொள்ளுங்கள். மறுநாள் சீட்டுகளை நன்றாகக் குலுக்கி, நான் கூறிய நெறிகளோடு ஆடிக் குறித்துக்கொள்ளுங்கள். ஒரு நாளின் நல்வாய்ப்பு ஏமாற்றக்கூடுமாதலால், இரண்டு முறைகளிலும் பத்துப் பத்து ஆட்டங்கள் ஆடிச் சராசரி காணுங்கள். பதினான்கிற்கு அருகில் வருகிறீர்களா என்று பாருங்கள். எண்கள் குறைந்தால், குறைத்தவர் நீங்களே; பத்து நாட்களில் உங்கள் மூளை மாறிவிடவில்லை. அதன் பிறகு “எனக்கு ஞாபகசக்தி இல்லை” என்று சொல்ல நேருமானால், “இதனை நான் எந்த வரிசையில் பார்த்தேன்?” என்ற கேள்வியை முதலில் உங்களையே கேட்டுப் பாருங்கள்.